கப்பலில் இறங்கிய பொறிவண்டுகள்

இப்போது எங்கள் பிரிவில் வேலைசெய்கிற நீங்கள் எல்லாரும் என்னிடம் முதலில் கேட்பது அந்தக் கோதுமைக் கப்பலைப் பற்றித்தான். யாரோ உங்களுக்கு அரைகுறையாகச் சொல்லியிருக்கிறார்கள். நான் கப்பலைத் திருப்பி அனுப்பினேன் என்று ஒருவர் நினைத்திருக்கிறார். பயந்துபோய், ஒன்றுமில்லாததைப் பெரிதாக்கினேன் என்று இன்னொருவர் கேள்விப்பட்டிருக்கிறார். கப்பலை நான் திருப்பவில்லை. பயந்தது உண்மை.

வேலையின் வழமையான பகுதியை உங்களுக்கு நான் சொல்லித்தரத் தேவையில்லை. வெளிநாட்டுத் தானியத்தோடும் மரத்தோடும் பூச்சியோ பூஞ்சையோ களைவிதையோ எங்கள் மண்ணில் இறங்காமல் பார்ப்பதுதான் எங்கள் பிரிவின் பொறுப்பு. மாதிரி எடுப்பதும் போத்தலில் போடுவதும் கொஞ்ச நாளில் கைக்கு வந்துவிடும். எந்த இடத்தில் நிறுத்துவது என்பதுதான் கைக்கு வராது. அந்தக் கப்பலில் ஏறிய காலையில் எனக்கு ஓய்வு பெற இரண்டு வருடங்கூட இருக்கவில்லை. அப்படியிருந்தும் அது எனக்குக் கைவந்திருக்கவில்லை.

பங்குனி தொடங்கியிருந்தது. பெரும்போக அறுவடை முடிந்து, காற்றும் ஓய்ந்திருந்த காலம். நான் அலுவலகக் கதவைத் திறக்கும்போதே போன் அடித்தது. கப்பல் முகவர் குணரட்ணம். கப்பல்காரருக்கும் துறைமுகத்துக்கும் இடையில் எல்லா ஒழுங்குகளையும் செய்கிறவர். எதற்கும் பதறாத மனிதர்.

“மிஸ், கப்பல் முழுக்கப் பூச்சி. நீங்கள் உடன வரோணும்.”

“என்ன பூச்சி? கோதுமைக்குள்ளயோ?”

“வெளியில. மேல்தளம் முழுக்க. செம்மஞ்சளாக் கிடக்குது. கப்டன் மருந்தடிக்க ஆயத்தம் செய்யிறார்.”

“அடிக்க வேண்டாமெண்டு சொல்லுங்கோ. நான் வாறன்.”

“சொன்னனான். அந்தாள் கேக்கிற மாதிரித் தெரியேல்ல.”

முதல்நாள் பின்னேரம் வந்த கப்பல் அது. குளிர் நாடொன்றிலிருந்து மா ஆலைக்குக் கோதுமை ஏற்றிவந்தது. உள்ளே கட்ட இடம் கிடைக்காததால் கொட்டியார் குடாவில் நங்கூரம் போட்டு, இரவு முழுக்க விளக்கெரிய நின்றிருந்தது. மத்தியானம் அதை உள்ளே கொண்டுவருவதாக ஏற்பாடு.

படகில் போகும்போதே குணரட்ணம் தன் போனைக் காட்டினார். கப்பலுக்குச் சாமான் கொண்டுபோன யாரோ எடுத்த வீடியோ. வெள்ளைக் கம்பியில் பூச்சிகள் அப்பிக் கிடந்தன. பின்னால் ஒரு குரல், “வெளிநாட்டுப் பூச்சி வந்திட்டுது, இனி எங்கட வயல் முடிஞ்சுது” என்று சொன்னது. அது ஏற்கெனவே ஊரெல்லாம் சுற்றத் தொடங்கியிருந்தது. கொழும்பிலிருந்து என் மேலதிகாரியும் அதைப் பார்த்துவிட்டு அழைத்தார். மத்தியானத்துக்குள் ஒரு முடிவு சொல்லவேண்டும் என்றார். உள்ளே விடுவதா, வெளிக்கடலுக்கு அனுப்புவதா. “பிழை விட்டால் இரண்டு பக்கத்தாலும் கேட்பார்கள்” என்றார். அது எனக்குத் தெரியாததல்ல.

கப்பலின் பக்கவாட்டில் கயிற்றேணி தொங்கியது. எனக்கு அதில் ஏறுவது என்றைக்கும் பயம். அன்றைக்கு அந்தப் பயமே எடுபடவில்லை. ஏணியின் பலகைப் படிகளிலேயே அவை இருந்தன. கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் ஏறினேன். மேலே போய் உள்ளங்கையைப் பார்த்தால் மஞ்சள் நீர். கசப்பு நெடி. பொறிவண்டை நசித்தால் அதன் முழங்காலிலிருந்து கசிகிற நீர் அது. பொறிவண்டு என்று மட்டும் அப்போதே தெரிந்தது. எந்தப் பொறிவண்டு என்பதுதான் கேள்வி.

மேல்தளத்தில் இரண்டு பேர் முதுகில் மருந்துத் தாங்கியோடு நின்றார்கள். கப்டன் நித்திரை இல்லாத கண்களோடு வந்தார். ஆங்கிலத்தில் பேசிக்கொண்டோம்.

“என் ஆட்களின் தேநீரிலும் பூச்சி, படுக்கையிலும் பூச்சி. இவை உங்கள் நாட்டுப் பூச்சிகள். நான் கொல்கிறேன், நீங்கள் பாருங்கள்” என்றார்.

அவருக்குப் பின்னால் சரக்கறை மூடியொன்று காற்றாடத் திறந்திருந்தது. உள்ளே கோதுமை மலையாகக் கிடந்தது. மருந்து அடித்திருந்தால் அதில்தான் படிந்திருக்கும். நான் அந்த மூடியைக் கையால் காட்டினேன். அவர் திரும்பிப் பார்த்தார். மூடியை மூடச் சொன்னார். தாங்கிகளும் இறங்கின. அந்த ஒன்றை வென்றதில் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. அந்த மூச்சு நிறைய நேரம் தாக்குப்பிடிக்கவில்லை.

ஒன்றைக் குழாயில் பிடித்து, பெரிதாக்கிக் காட்டும் கைவில்லைக்குக் கீழே வைத்தேன். பயறு அளவு. பளபளப்பான செம்மஞ்சள் முதுகு. புள்ளி ஒன்றுமில்லை. இரண்டு சிறகு மூடிகளும் சேருகிற இடத்தில் மையால் இழுத்ததுபோல் மெல்லிய கறுப்புக் கோடு. கழுத்துப் பட்டை வெளிறிய நிறம், அதில் கறுப்பு அடையாளங்கள். எங்கள் வயல்களில் ஆயிரமாயிரமாய் இருக்கிற பூச்சி இது. நெல்லின் அடித்தண்டில் இருந்து சாறு உறிஞ்சும் தத்திகளைத் தின்னும். நெல் பூக்கும்போது கதிரில் ஏறி மகரந்தத்தையும் கொஞ்சம் கொறிக்கும். அறுவடைக்குப் பிறகு வரம்புப் புல்லிலும் குளக்கரை நாணலிலும் ஒதுங்கியிருக்கும். வயற்காரருக்குச் சம்பளமில்லாத காவற்காரன்.

ஆனால் குளிர்நாடுகளில் இன்னொரு பொறிவண்டு இருக்கிறது. அது கொஞ்சம் பெரிசு. நூறு விதமாக நிறம் மாற்றும். அதிலும் புள்ளியே இல்லாத செம்மஞ்சள் வகை உண்டு. பனிக்காலத்தில் வீட்டுச் சன்னல்களிலும் கப்பல் இடுக்குகளிலும் கூட்டமாக ஒளிந்து உறங்கும். போன நாடுகளிலெல்லாம் அந்தந்த ஊர்ப் பொறிவண்டுகளின் முட்டையையும் புழுவையும் தின்று தன் இடமாக்கிக்கொண்ட பூச்சி. எங்கள் கரையில் அது இல்லை. இந்தக் கப்பலோ அந்தப் பக்கத்திலிருந்து வந்தது.

நான் பத்துப் பன்னிரண்டு இடங்களில் பிடித்துப் பார்த்தேன். எல்லாம் சின்னது. எல்லாவற்றிலும் அந்தக் கறுப்புக் கோடு. கப்பலின் தென்மேற்குப் பக்கத்திலும் விளக்குக் கூடுகளைச் சுற்றியும்தான் மிக அடர்த்தி. மற்றப் பக்கம் அரிதாக ஒன்றிரண்டு. இரவில் கரையிலிருந்து கடலுக்கு அடிக்கிற காற்று அந்தப் பக்கமாகத்தான் வரும். ஆனாலும் இத்தனை ஆயிரம் ஒரே இரவில் ஏன் கிளம்பவேண்டும்?

அந்தக் கரைப் பக்கம், தோப்பூரில் விவசாயப் போதனாசிரியராக இருந்த நஸீரை அழைத்தேன். கிண்ணியாக்காரர். எனக்குப் பல வருடப் பழக்கம்.

“நஸீர், உங்கட பக்கம் நேற்று ஏதும் நடந்ததா?”

“நானும் வீடியோவப் பாத்தேன் மிஸ். காலையில இருந்து என்ட போன் ஓயல்ல. நேத்துப் பின்னேரம் கடைசி வயல் வட்டையிலயும் மெசின் இறங்கி வெட்டி முடிச்சிட்டாங்க. அந்திக்கு வைக்கோலையும் கொளுத்திட்டாங்க. கொளுத்த வேணாமெண்டுதான் சொன்னேன், யாரு கேக்கிற?”

“வரம்புப் புல்லும் எரிஞ்சதோ?”

“எல்லாம் எரிஞ்சி. ஆத்தங்கரை நாணல் வரைக்கும்.”

“பொறிவண்டு ஏதும் மிச்சமிருக்குதா?”

“கொஞ்சம் பொறுங்க, போய்ப் பாக்கிறேன்.”

சிறிது நேரத்தில் படம் வந்தது. கருகிய வரம்பு, அதன் முடிவில் தப்பிய ஒரு புற்கொத்து, அதில் நெருக்கியடித்துக்கொண்டு செம்மஞ்சள் முதுகுகள், ஒவ்வொன்றிலும் கறுப்புக் கோடு. நெருப்புக்குப் பயந்து கிளம்பியவை காற்றோடு போய், இருட்டில் தெரிந்த ஒரே வெளிச்சத்தில் இறங்கியிருக்கின்றன. அவ்வளவுதான்.

கோதுமையைப் பார்த்தேன். சுத்தம். கப்டனிடம், “நீங்கள் சொன்னதுதான் சரி, இவை எங்கள் பூச்சிகள்” என்றேன். முதல் தடவையாக அவர் சிரித்தார். குணரட்ணம் போனை எடுத்து, கப்பலை உள்ளே ஓட்டிவருகிற துறைமுக பைலட்டை வரச் சொல்லத் தொடங்கினார். மேலதிகாரிக்கும் சொன்னேன். “நல்லது, நல்லது” என்று அவரும் மூச்சு விட்டார்.

இந்த இடத்தில்தான் உங்களை நிறுத்தி வைக்க விரும்புகிறேன். விடை சரி. ஆதாரம் இருக்கிறது. எல்லாருக்கும் சந்தோசம். நான் இறங்கிப் போயிருந்தால் ஒருவரும் என்னைக் குறை சொல்லியிருக்கமாட்டார்கள். கையில் பட்ட மஞ்சள் நீரைக் கழுவுவதற்காக மட்டும்தான் ஆட்கள் தங்கும் பகுதிக்குள் போனேன்.

ஒடுங்கிய நடைபாதை. கைகழுவும் இடத்துக்குப் பக்கத்தில் திறக்காத சின்னக் கண்ணாடிச் சன்னல். அதன் விளிம்பில் தூசியோடு ஒரு பொறிவண்டு மல்லாந்து கிடந்தது. தொட்டேன். உமிபோல் காய்ந்து கால்கள் உதிர்ந்தன.

நேற்று இரவு வந்தது இப்படிக் காயாது.

எடுக்கும்போது கைவில்லை ஒருதரம் கீழே விழுந்துவிட்டது. பொறுக்கியெடுத்துப் பார்த்தேன். பெரிசு. சிறகு மூடிகளுக்கு இடையில் கறுப்புக் கோடு இல்லை. கழுத்துப் பட்டை வெள்ளை, நடுவில் இரண்டு கூரை முகடுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வரைந்ததுபோல் கறுப்பு அடையாளம். சிறகின் கடைசியில் சின்ன மடிப்பு. படங்களில் மட்டுமே பார்த்திருந்த பூச்சி.

திரும்பிப் போய்ச் சொன்னேன். குணரட்ணத்தின் முகம் வாடிவிட்டது.

“மிஸ், செத்த பூச்சி ஒண்டு. எங்கயோ துறைமுகத்தில ஏறிச் செத்திருக்கும்.”

“ஓம், அப்பிடியும் இருக்கலாம்.”

“பைலட் வெளிக்கிட்டிட்டார். இப்ப நிப்பாட்டினால் அடுத்த இடம் எப்ப கிடைக்குமெண்டு தெரியாது. ஆலையில மா இல்லையெண்டு கத்துறாங்கள். கொஞ்சம் யோசிச்சுப் பாருங்கோ.”

நான் யோசித்தேன். அவர் சொன்னது நியாயமில்லாத கதையல்ல. அப்படியே சொல்லிக்கொண்டுதான் ஒவ்வொரு ஊரிலும் அந்தப் பூச்சி இறங்கியிருக்கும் என்றும் யோசித்தேன். இரண்டும் என் தலைக்குள் ஒன்றாக நின்றன. “அறை அறையாகப் பார்க்கவேணும்” என்று வாய் சொன்னது. என் குரல் எனக்கே அந்நியமாகக் கேட்டது.

ஒவ்வொரு அறையாகத் திறந்தார்கள். சன்னல் இறப்பர், திரைச்சீலை மடிப்பு, அலுமாரிப் பின்பக்கம். ஒன்றுமில்லை. கடைசியில் ஒரு கதவு பூட்டியிருந்தது. சமையற்காரரின் அறை. அவர் ஏப்ரனோடு வந்து கதவுக்கு முன்னால் நின்றார். உயரமான, முன்தலை வழுக்கையான மனிதர். கப்டன் தங்கள் மொழியில் ஏதோ அதட்டினார். அவர் அசையவில்லை. என்னைப் பார்த்தார்.

நான் கப்டனைத் தள்ளி நிற்கச் சொன்னேன்.

அவருக்குக் கொஞ்சம் ஆங்கிலம் தெரியும். குழாயிலிருந்த காய்ந்த பூச்சியைக் காட்டினேன். “உயிரோடு இருக்கிறவை உங்களிடம் இருக்கின்றனவா?”

அவர் ஏப்ரன் பையிலிருந்து சாவியை எடுத்தார். கதவைத் திறந்தார்.

சன்னலின் இறப்பர் விளிம்பில், மேல் மூலையில், ஒரு கைப்பிடியளவு. சில முழுச் செம்மஞ்சள், சில புள்ளி போட்டவை, ஒன்று கறுப்பில் சிவப்புப் பொட்டோடு. நெருக்கமாக ஒன்றையொன்று அணைத்துக்கொண்டு இருந்தன. கீழே ஒரு தேத்தண்ணிக் கோப்பைத் தட்டில் ஊறவைத்த முந்திரிகை வற்றல்.

“கோதுமை ஏற்றும்போது வந்தன” என்றார். “வெளியே பனி. இவை இங்கே நித்திரை. என் ஊரில் பிள்ளைகள் இதை விரலில் ஏற்றி ஊதுவார்கள். நான் வீட்டுக்குப் போய் நிறையக் காலம். அறையில் உயிருள்ளது வேறொன்றும் இல்லை.” கொஞ்சம் நிறுத்திவிட்டுக் கேட்டார்: “நீங்கள் இவற்றை என்ன செய்வீர்கள்?”

ஆய்வுக்கூடத்துக்குக் கொண்டுபோகிறேன் என்று சொல்ல எனக்கு வாய் வந்தது. அது பொய்யுமில்லை, ஒன்றிரண்டு அங்கேதான் போகும். அவருடைய முகத்தைப் பார்த்து, அதைச் சொல்வதுதான் இரக்கம் என்றும் தோன்றியது. ஏன் சொல்லாமல் விட்டேன் என்று இன்றைக்கும் எனக்குச் சரியாகத் தெரியாது.

“கொல்லவேணும்” என்றேன். “இவை வெளியே போனால் எங்கள் ஊரின் பூச்சிகளை அழித்துவிடும். உங்களுக்குப் பொய் சொல்ல விருப்பமில்லை.”

அவர் கட்டிலின் விளிம்பில் அமர்ந்தார். இரண்டு கையாலும் முகத்தைத் துடைத்தார். பிறகு அவராகவே எழுந்து ஒரு கண்ணாடிப் போத்தலை எடுத்து, மெல்லிய தூரிகையால் ஒவ்வொன்றாக அதற்குள் தள்ளினார். நசிந்துவிடாதபடி தள்ளினார். மூடியைத் திருகிக்கொண்டே, என்னைப் பாராமல் சொன்னார்:

“இரவு மிகவும் வெக்கை. நான் சன்னலைத் திறந்தேன்.”

“எப்போது?”

“இங்கே வந்த பிறகு. கொஞ்சம் விழித்துவிட்டன. சில பறந்து வெளியே போயின. விளக்குப் பக்கம்.”

“எத்தனை?”

“தெரியாது.”

நான் பொய் சொல்லியிருந்தால் அவர் சன்னலைப் பற்றி வாய் திறந்திருக்கமாட்டார். ஆனால் அப்போது அதை நினைத்து ஆறுதல்பட நேரமில்லை. அவர் போத்தலைத் தன் குளிரறைக்குத் தானே கொண்டுபோய், உறைந்த மீன் பெட்டிகளுக்கு நடுவில் வைத்தார். நான் மேல்தளத்துக்கு ஓடினேன்.

வெயில் ஏறியிருந்தது. கடற்காற்று தொடங்குகிற நேரம். இனிக் காற்று கரையை நோக்கித் திரும்பும். கம்பிகளிலிருந்த ஆயிரக்கணக்கான பூச்சிகளும் அதை அறிந்ததுபோல் சிறகு மூடியைத் தூக்கித் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தன. அங்கங்கே சில எழும்பிவிட்டன. அந்தக் கூட்டத்துக்குள் சில, பார்வைக்கு அதே நிறத்தில், எங்களுடையவை அல்ல. எவை என்று பொறுக்க நேரமில்லை. பொறுக்கினாலும் முடியாது.

குணரட்ணத்திடம் சொன்னேன். அவர் திகைத்துப் போய், “அப்ப மருந்தடிக்கச் சொல்லட்டோ?” என்றார்.

காலையில் நான் தடுத்த அதே மருந்து. இப்போது மூடிகள் மூடியிருந்தன. ஆனால் அந்தத் தளத்தில்தான் இன்னும் கொஞ்ச நேரத்தில் கோதுமை இறக்கும் ஆட்கள் நடப்பார்கள். “வேண்டாம்” என்றேன். “சவர்க்காரம். குசினியில் இருக்கிற பாத்திரம் கழுவுற சவர்க்காரம் முழுவதையும் தண்ணியில் கலந்து குழாயால் அடிக்கச் சொல்லுங்கோ. இப்பவே.”

சவர்க்காரத் தண்ணீர் பட்டால் பூச்சிக்கு மூச்சு அடைத்துவிடும். ஐந்தாறு பேர் குழாய்களைத் தூக்கினார்கள். சமையற்காரர்தான் சவர்க்காரக் கான்களைச் சுமந்துவந்தார். வெள்ளை நுரையோடு செம்மஞ்சள் கூட்டம் கம்பிகளிலிருந்து உரிந்து விழுந்தது. காலையில் நான் ஏணியில் ஏறி வந்து காப்பாற்றிய பூச்சிகள். எங்கள் வயலின் பூச்சிகள். நெருப்புக்குத் தப்பிக் கடலைத் தாண்டி வந்தவை. நானே நின்று, “அந்த மூலையும், அந்த விளக்குக்குப் பின்னாலும்” என்று கைகாட்டிக் கொல்வித்தேன். என் வாழ்க்கையில் அதற்கு முன்போ பின்போ அப்படி ஒரு வேலை செய்யவில்லை.

முடியவில்லை. காற்று வலுத்தபோது நுரை இன்னும் எட்டாத கம்பிகளிலிருந்து ஒரு தொகை எழும்பியது. மூதூர்ப் பக்கம் கொஞ்சம், வடக்கே சல்லிப் பக்கம் கொஞ்சம். வெயிலில் மினுங்கிக்கொண்டு போனது பார்க்க அழகாகத்தான் இருந்தது. நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

விழுந்தவற்றைக் கூட்டி அள்ளி, வெள்ளைத் துணியில் பரப்பி, நானும் கப்பலின் இரண்டாம் அதிகாரியும் குந்தியிருந்து தேடினோம். எல்லாம் சின்னது, எல்லாம் கறுப்புக் கோடு. குணரட்ணம்கூடக் காற்சட்டையை மடித்துவிட்டுக்கொண்டு வந்து குந்தினார். அவர்தான் கண்டுபிடித்தார்.

“மிஸ், இதைப் பாருங்கோ. இதில கோடில்லை.”

பெரிசு. வெள்ளைக் கழுத்து. கூரை முகடுகள். ஆக, சமையற்காரர் சொன்னது உண்மை. அவை வெளியே வந்திருக்கின்றன, எங்கள் பூச்சிகளோடு கலந்திருக்கின்றன. துணி முழுவதையும் தேடியும் வேறொன்று கிடைக்கவில்லை. வெளியே போனது அது ஒன்றுதானா, அல்லது மற்றவை மூதூருக்கும் சல்லிக்கும் போய்விட்டனவா? அதைச் சொல்ல எவராலும் ஏலாது.

மேலதிகாரியிடம் முழுவதையும் சொன்னேன். அவர் எல்லாவற்றையும் குறித்துக்கொண்டார். பிறகு, “தப்பியிருக்கலாம் என்பதைச் சொல்லத்தான் வேண்டுமா? வெளியில் கண்டது ஒன்று, கொன்றது ஒன்று. அதோடு முடிந்ததே” என்றார். கெட்ட மனிதர் அல்ல அவர். அவருக்கும் மேலே ஆட்கள் இருந்தார்கள்.

“முடிந்ததா என்று எனக்குத் தெரியாது சேர். அறிக்கையில் தெரியாது என்றே போடுங்கள்” என்றேன்.

அந்தக் கதையால் எனக்குக் கிடைத்த ஏச்சுக்கள் கொஞ்சமல்ல. தங்குமிடம் முழுவதையும் அடைத்துப் புகையூட்டிய பிறகு, மறுநாள் கப்பலை உள்ளே விட்டேன். ஆலைக்கும் கோதுமை போனது. இறங்கும்போது சமையற்காரர் ஏணி வரை வந்தார். தலையை மட்டும் அசைத்தார்.

நஸீருக்கு நானே சொன்னேன். அவருக்குக் கோபம் வந்தது.

“நான் எங்கட பூச்சியெண்டு படமெடுத்து அனுப்பினது, நீங்க கொல்லுறதுக்கா மிஸ்?”

“வேற வழி தெரியேல்ல நஸீர்.”

“வயல்ல நெருப்பு, கடல்ல நீங்க. அதுகள் எங்க போற?” என்றார். இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் அவராகவே வந்து, எங்கிருந்து தேடத் தொடங்குவது என்று கேட்டார்.

தேடினோம். குடாவைச் சுற்றி, பொறிவண்டுக்கு இரையாகிற அசுவணிப் பேன் பிடிக்கிற செடி எங்கெல்லாம் உண்டோ அங்கெல்லாம். பயற்றை, வெண்டி, எருக்கலை. மூதூரிலும் நிலாவெளியிலும் சனங்கள் நெருப்புப்பெட்டிகளுக்குள் பூச்சி கொண்டுவந்து தந்தார்கள். ஒவ்வொரு பெட்டியையும் நானே திறப்பேன். இரவில் படுத்தால் கண்ணுக்குள் செம்மஞ்சள் நகரும். பெரியதாக ஒன்றைக் கண்டால் கைவில்லையால் இரண்டு மூன்று தரம் பார்ப்பேன். ஒரு போகம் போய் அடுத்த போகம் வந்தது. ஒன்றும் அகப்படவில்லை. அகப்படாமல் போகப் போக எனக்கு நிம்மதி வருமென்று எல்லாரும் சொன்னார்கள். வரவில்லை. இல்லாததைத் தேடுகிறோமா, எங்களுக்குப் பிடிபடாததைத் தேடுகிறோமா என்று எப்படி அறிவது?

ஓய்வு பெறுவதற்குச் சற்று முன்பு சல்லியில் ஒரு வீட்டுக்குப் போனேன். வேலியில் பயற்றை படர்ந்திருந்தது. பக்கத்தில் மீன் காயப்போட்டிருந்தார்கள். வீட்டுக்காரி புஷ்பராணி ஒரு ஜாம் போத்தலைக் கொண்டுவந்தார்.

“நீங்கள் சொன்ன மாதிரி ஒண்டு மிஸ். புள்ளியில்லை. பெருசு.”

போத்தலை வெளிச்சத்துக்குப் பிடித்தேன். பெரிசுதான். செம்மஞ்சள்தான். மூடியைத் திறந்து குழாயில் ஏற்றி வில்லைக்குக் கீழே வைத்தேன். கழுத்தில் அந்த முகடுகள் இல்லை. சிறகு மூடியின் ஓரத்தில் அழிந்துபோன அலைக்கோட்டின் மிச்சம் தெரிந்தது. எங்கள் தோட்டங்களில் வழமையாக இருக்கிற வேறொரு பொறிவண்டு. சிலது இப்படி வெளிறிப் பிறக்கும்.

“இது எங்கடதுதான்” என்றேன்.

“அப்ப நல்லதுதானே. ஏன் இன்னும் அதையே பாத்துக்கொண்டு நிக்கிறீங்கள்?”

நான் பூச்சியைத் திரும்பப் போத்தலுக்குள் விட்டேன். அவர் போத்தலை என் கையிலிருந்து வாங்கி, வேலிப் பக்கம் போய், பயற்றை இலையில் அதைத் தட்டிவிட்டார். “திருப்பி வந்து பாப்பீங்களோ?” என்று கேட்டார். ஓம் என்றேன். அடுத்த மாதமும் போனேன். அதற்கடுத்த மாதமும். பிறகு ஓய்வு வந்துவிட்டது.

நான் போன பிறகு கரையோரத் தேடல் நின்றுவிட்டதாக நஸீர் சொன்னார். உங்களுக்குக் கப்பல்கள் அதிகம், ஆட்கள் குறைவு. எனக்கு விளங்குகிறது. ஆனால் இப்போது பயற்றை பூக்கிற காலம், அசுவணியும் பிடித்திருக்கும். சல்லியில் கோயிலுக்கு வடக்கே மூன்றாவது ஒழுங்கையில் புஷ்பராணியின் வீடு எது என்று கேட்டால் காட்டுவார்கள். காலையில் வெயில் ஏறுமுன் போகவேண்டும். நாளைக்கு உங்களில் யாருக்கு வர ஏலும் என்று சொல்லுங்கள், நான் பஸ் தரிப்பிடத்தில் நிற்கிறேன்.